‘கோல்’ இல்லை, ஜெயில்

பழைய ஆங்கிலப் புத்தகத்தை மெய்ப்புப் பார்க்கும்போது ஜி, ஏ, ஓ, எல் என்ற நான்கெழுத்துச் சொல் வந்தால், நடுவிலுள்ள எழுத்துகளை இடம் மாற்றி, இலக்கைக் குறிக்கும் ‘கோல்’ ஆக்கிவிடாதீர்கள். தொழிலுக்கு வந்த புதிதில் நான் அப்படித் திருத்தியிருக்கிறேன். அந்த வருத்தம் இன்னும் போகவில்லை.

அது சிறைதான். உச்சரிப்பும் ‘ஜெயில்’தான். கூண்டைக் குறித்த லத்தீன் சொல் பிரெஞ்சுக்குப் போனபோது நார்மண்டிப் பக்கம் ஒரு வடிவம், பாரிஸ் பக்கம் இன்னொரு வடிவம் எடுத்தது. இங்கிலாந்து இரண்டையும் வாங்கிக்கொண்டது. எழுத்து நார்மன் வழியிலும் ஒலி பாரிஸ் வழியிலும் நிலைத்துவிட்டன. எனக்கு மிகவும் பிடித்த சொல் வரலாறு இது.

சரி, நாம் எழுதும்போது? இன்றைய கட்டுரைக்கு ஜே-யில் தொடங்கும் வடிவமே போதும். ஆனால் மேற்கோளிலும் இடப்பெயரிலும் கை வைக்காதீர்கள். டப்ளினின் கில்மைனம் சிறை, 1880 நவம்பர் 11 அன்று ஆஸ்திரேலியக் கொள்ளையர் நெட் கெல்லி தூக்கிலிடப்பட்ட பழைய மெல்போர்ன் சிறை, இரண்டின் பெயருக்கும் ஜி-தான்.

அப்புறம், இரண்டுமே சரியான சொற்கள் என்பதால் கணினியின் பிழைதிருத்தி இந்த இடமாற்றத்தைக் காட்டாது. ‘கோல்’ என்று தனியாகத் தேடி, ஒவ்வொன்றையும் கண்ணால் பாருங்கள்.