நேரிய சமன்பாடுகள்: தவறு எந்த வரியில் நுழைகிறது?

ஒன்பதாம் வகுப்பில் இரு மாறிகளில் அமைந்த நேரிய சமன்பாடுகளைத் தீர்க்கப் பிரதியிடல், நீக்கல், குறுக்குப் பெருக்கல், வரைபடம் என நான்கு முறைகள் கற்றுத் தரப்படுகின்றன. மாணவர்கள் நான்கையும் கற்றுக்கொண்டு விடுகிறார்கள். கிருஷ்ணகிரியில் மாலை வகுப்புகளுக்கு வரும் ஒன்பது, பத்தாம் வகுப்புப் பிள்ளைகளின் நோட்டுகளைத் திருத்தும்போது முறையே தெரியாத பிள்ளையை அரிதாகத்தான் பார்க்கிறேன். முறை சரியாக இருக்கும்; நடுவில் ஒரு வரியில் ஒரு குறியோ ஓர் எண்ணோ ஓர் அடைப்புக்குறியோ தவறியிருக்கும். அதற்கு வீட்டில் கிடைக்கும் அறிவுரை "இன்னும் இருபது கணக்குப் போடு" என்பது. எந்த வரியில் தவறுகிறோம் என்று தெரியாமல் இருபது கணக்குப் போட்டால், அந்தத் தவறுக்குத்தான் இருபது முறை பயிற்சி கிடைக்கும்.

ஒரு சோதனையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கீழே வரும் தவறுகள் பலவற்றையும் அதைக் கொண்டே பார்க்கலாம். சரியான விடை, கேள்வியில் உள்ள இரண்டு சமன்பாடுகளுக்கும் பொருந்துவதோடு, அவற்றிலிருந்து முறையாக வருவித்த ஒவ்வொரு வரிக்கும் பொருந்தும். ஆகவே கணக்குத் தவறாகிவிட்டால், பாடநூலின் பின்பகுதியில் இருக்கும் விடையை எடுத்து உங்கள் செய்முறையின் ஒவ்வொரு வரியிலும் வைத்துப் பாருங்கள். இரு பக்கமும் சமமாக வராத முதல் வரி எதுவோ, அதை எழுதும்போதுதான் தவறு நுழைந்திருக்கிறது. முதல் வரியே பொருந்தவில்லை என்றால் கேள்வியைப் பார்த்து எழுதியதிலேயே பிழை.

பாடநூல் எக்ஸ், ஒய் என்று எழுதுவதை இங்கே தமிழ் எழுத்துகளால் எழுதுகிறேன். முதலில் எங்கள் ஊர்க் கணக்கு ஒன்று. 3 கிலோ பெங்களூரா மாம்பழமும் 2 கிலோ செந்தூராவும் சேர்த்து 190 ரூபாய். 2 கிலோ பெங்களூராவும் 5 கிலோ செந்தூராவும் 310 ரூபாய். ஒவ்வொன்றும் கிலோ என்ன விலை?

3ப + 2ச = 190
2ப + 5ச = 310

இந்தச் சமன்பாடுகளை எழுதிய மாணவரிடம் "ப என்றால் என்ன?" என்று கேட்டுப் பாருங்கள். "பெங்களூரா" என்று பதில் வந்தால் அங்கேயே நிறுத்த வேண்டும். ப என்பது பழத்தைக் குறிக்கவில்லை. ஒரு கிலோ பெங்களூராவின் விலையை, அதாவது ஓர் எண்ணைக் குறிக்கிறது. இந்தக் கணக்கில் அந்தக் குழப்பம் வெளியே தெரியாமல் போகும், விடையும் சரியாக வந்துவிடும். அடுத்த கணக்கில் மாட்டிக்கொள்ளும். "செந்தூராவின் விலை, பெங்களூரா விலையின் இரு மடங்கைவிட 10 ரூபாய் குறைவு" என்று கொடுத்தால், எழுத்தைப் பழமாக நினைப்பவர் இரு மடங்கு எந்த விலைக்கு உரியது என்று பார்க்காமல், 2ச − 10 = ப என்று முடித்துவிடுவார். எழுத்து ஓர் எண் என்று தெரிந்தவர், எது பெரிய எண், எதைப் பெருக்கினால் எது கிடைக்கும் என்று யோசித்து ச = 2ப − 10 என்று எழுதுவார். எழுதிய பின் ஏதாவது ஒரு விலையை வைத்துப் பார்த்தாலே போதும். பெங்களூரா 30 என்றால் செந்தூரா 50 வர வேண்டும். தலைகீழாக எழுதிய சமன்பாட்டில் 20 தான் வரும். சொற்கணக்கின் முதல் வரியாக "ஒரு கிலோ பெங்களூராவின் விலை ப ரூபாய் என்க" என்று முழுதாக எழுதச் சொல்லி நான் வற்புறுத்துவது இதனால்தான். அந்த வரியை மிச்சப்படுத்துவதில் லாபம் எதுவும் இல்லை.

மேலே உள்ள கணக்கை நீக்கல் முறையில் செய்வோம். ப-வை நீக்க முதல் சமன்பாட்டை 2 ஆலும் இரண்டாவதை 3 ஆலும் பெருக்குகிறோம்.

6ப + 4ச = 380
6ப + 15ச = 930

கழித்தால் 11ச = 550; செந்தூரா 50 ரூபாய், பெங்களூரா 30 ரூபாய். இதில் அடிக்கடி வரும் தவறு, இடப்பக்கத்தை மட்டும் பெருக்கிவிட்டு வலப்பக்கத்து எண்ணை அப்படியே விடுவது. 6ப + 4ச = 190 என்று எழுதிவிட்டால் அடுத்து 11ச = 740 வரும்; ச என்பது 67-க்குச் சற்று மேல் ஒரு பின்னமாக வரும். பின்னம் வந்தாலே தவறு என்று சொல்ல முடியாது. ஆனால் விலைக் கணக்கில் அப்படியொரு எண் வந்தால் மேலே ஏறிப் பார்ப்பது நல்லது. நம் சோதனையை வைத்தால் உடனே தெரியும்: 6 × 30 + 4 × 50 = 380. வலப்பக்கம் 190 என்று நிற்கிறது. தவறு நுழைந்த வரி அதுதான். பின்னங்கள் உள்ள சமன்பாட்டிலும் இதே கதை: ப/2 + த/3 = 5 என்பதை 6 ஆல் பெருக்கினால் 3ப + 2த = 30. பாதிப் பேர் 5 என்றே விட்டுவிடுகிறார்கள். ஒன்பதாம் வகுப்பில் இது திருந்தாவிட்டால் பன்னிரண்டாம் வகுப்பில் காஸ் நீக்கல் முறை (சமன்பாடுகளின் எண்களை மட்டும் நிரைகளாக, அதாவது வரிசைகளாக எழுதித் தீர்ப்பது) வரும்போது, நிரை முழுவதையும் பெருக்கிவிட்டுக் கடைசி எண்ணை மட்டும் விட்டுவிடும் தவறாக அது திரும்ப வரும்.

அதிக மதிப்பெண்களை இழக்கவைப்பது கழித்தல் என்றே நினைக்கிறேன். இதைப் பாருங்கள்:

4ப − 3த = 6
4ப − 5த = 2

முதலாவதிலிருந்து இரண்டாவதைக் கழிக்க வேண்டும். −3த-விலிருந்து −5த-வைக் கழித்தால் +2த. வலப்பக்கம் 6 − 2 = 4. ஆகவே த = 2, ப = 3. ஆனால் நோட்டில் நான் பார்ப்பது −8த = 4. இரண்டு மைனஸ்களையும் பார்த்ததும் கை கூட்டிவிடுகிறது. கீழ்ச் சமன்பாட்டின் அடியில் மாற்றிய குறிகளை எழுதும் வழக்கம் நம் பள்ளிகளில் உண்டு. அது உதவத்தான் செய்கிறது, ஆனால் முதல் இரண்டு உறுப்புகளுக்கும் குறி மாற்றிவிட்டு வலப்பக்கத்து எண்ணுக்கு மாற்ற மறந்துவிடுபவர்கள் ஏராளம்; அப்போது 2த = 8 என்று வரும். நான் சொல்லும் மாற்று வழி எளியது: கழிக்கவே கழிக்காதீர்கள். இரண்டாவது சமன்பாட்டை −1 ஆல் பெருக்கிப் புது வரியாக எழுதுங்கள்.

4ப − 3த = 6
−4ப + 5த = −2

இப்போது கூட்டினால் 2த = 4. ஒரு வரி கூடுதல்தான். ஆனால் குறி மாற்றுவதையும் கணக்கிடுவதையும் ஒரே நேரத்தில் மனத்தில் செய்யும் சுமை போய்விடுகிறது. நன்றாகப் பழகிய பிறகு அந்த வரியை விட்டுவிடலாம், அவசரம் இல்லை.

இதோடு சேர்ந்ததுதான் "அந்தப் பக்கம் போனால் குறி மாறும்" என்ற மனப்பாட வரி. ஏன் மாறுகிறது என்று புரியாமல் இதைக் கற்ற பிள்ளை 3ப = 12 என்பதில் 3-ஐ அந்தப் பக்கம் அனுப்பி ப = 12 − 3 = 9 என்கிறது; இன்னொரு பிள்ளை ப = 12/−3 = −4 என்கிறது. இரண்டு பேருமே மனப்பாட வரியைத்தான் பின்பற்றினார்கள்! எதுவும் எங்கும் போவதில்லை. இரு பக்கமும் ஒரே எண்ணைக் கூட்டுகிறோம், அல்லது ஒரே எண்ணால் வகுக்கிறோம். 3ப என்பதில் 3 பெருக்கலாக இருக்கிறது, ஆகவே இரு பக்கமும் 3 ஆல் வகுக்க வேண்டும். குறிக்கு அங்கே வேலையே இல்லை. வீட்டில் கணக்குச் சொல்லித் தரும் அண்ணன், அக்காமார்களிடம் என் வேண்டுகோள்: இந்தக் குறுக்கு வழியைத் தம்பி தங்கைக்கு நீங்களாக முதலில் கற்றுத் தர வேண்டாம். சில வாரங்கள் "இரு பக்கமும் 3 ஆல் வகுக்க" என்று வரிக்குப் பக்கத்தில் எழுதிப் பழகட்டும்.

பிரதியிடலில் அடைப்புக்குறிதான் எல்லாம். 2ப − த = 7, 5ப − 3த = 18 என்ற கணக்கில் முதலாவதிலிருந்து த = 2ப − 7. இதை இரண்டாவதில் வைக்கும்போது 5ப − 3(2ப − 7) = 18 என்று அடைப்புக்குறியோடு எழுத வேண்டும். விரித்தால் 5ப − 6ப + 21 = 18; ப = 3, த = −1. அடைப்புக்குறியை விட்டவர் 5ப − 6ப − 7 என்று எழுதுகிறார்; போட்டவர்களிலும் சிலர் −21 என்று எழுதி ப = −39 வரை போய்விடுகிறார்கள். இன்னொரு தவறு, முதல் சமன்பாட்டில் கிடைத்த த-வை அதே முதல் சமன்பாட்டில் வைப்பது. அப்போது 7 = 7 என்று வரும். உடனே "எண்ணற்ற தீர்வுகள்" என்று எழுதிவிடுகிறார்கள். ஒரு சமன்பாட்டை அதற்குள்ளேயே வைத்தால் எப்போதும் இப்படித்தான் வரும். இரண்டாவது சமன்பாட்டை அவர்கள் இன்னும் தொடவே இல்லை.

உண்மையிலேயே எண்ணற்ற தீர்வுகள் வரும் இடம் வேறு. 2ப + 3த = 12, 4ப + 6த = 24 என்றால் இரண்டும் ஒரே கோடு; நீக்கினால் 0 = 0. வலப்பக்கம் 24-க்குப் பதில் 20 என்றால் இணை கோடுகள்; நீக்கினால் 0 = 4 என்பது போன்ற பொய்யான வரி மிஞ்சும், தீர்வு இல்லை. இதை ப = 0 என்று முடிப்பவர்கள் உண்டு. ப = 0 என்பது மற்ற எண்களைப் போல ஒரு விடை; 0 = 4 என்பதில் ப-வே இல்லை. எண்ணற்ற தீர்வுகள் என்றால் எந்த எண்ணும் பொருந்தும் என்று நினைப்பதும் தவறு. (0, 4), (3, 2), (6, 0) பொருந்தும். (1, 1) பொருந்தாது.

வரைபட முறையில் ஒரு கோட்டுக்கு இரண்டு புள்ளிகள் போதும் என்றாலும் மூன்றாவதைக் குறித்துக்கொள்ளுங்கள். மூன்றும் ஒரே கோட்டில் வராவிட்டால் அட்டவணையில் பிழை. வெட்டும் புள்ளியைக் கண்ணால் படித்த பின் சமன்பாட்டில் வைத்துச் சரிபார்க்கவும் வேண்டும்.

தர்மபுரி மாவட்டப் பிள்ளைகளுக்கு நான் விரும்பிக் கொடுப்பது ஒகேனக்கல் பரிசல் கணக்கு. நீரோட்டத்தோடு 3 கிலோமீட்டர் போக 30 நிமிடம். எதிர்த்து அதே தூரம் திரும்ப ஒன்றரை மணி நேரம். நிலையான நீரில் பரிசலின் வேகம் ப, நீரோட்டத்தின் வேகம் ஓ. நிமிடத்தை மணியாக்கினால் ப + ஓ = 6, ப − ஓ = 2; ஆகவே பரிசல் மணிக்கு 4 கிலோமீட்டர், நீரோட்டம் 2 கிலோமீட்டர். முதலாவதில் 30 நிமிடத்தையும் இரண்டாவதில் 1.5 மணியையும் அப்படியே வைத்தால் ப + ஓ = 0.1, ப − ஓ = 2 என்றாகும்; நீரோட்டத்தின் வேகம் −0.95 என்று வரும். காவிரி பின்னோக்கி ஓடுகிறது என்று சொல்லும் விடையை எழுதிவிட்டு அடுத்த கணக்குக்குப் போகக் கூடாது. அலகுகள் இரண்டு சமன்பாட்டிலும் ஒன்றாக இருக்க வேண்டும். நீரோட்டம் போகும்போதும் வரும்போதும் ஒரே வேகத்தில் இருப்பதாக இந்தக் கணக்கு எடுத்துக்கொள்கிறது என்பதையும் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டும். நீர்வரத்து கூடும் நாட்களில் பரிசல் இயக்கத் தடை விதிப்பதைப் பார்த்தவர்கள் அவர்கள். அந்தக் கேள்வியை அவர்களே கேட்பார்கள்.

பத்தாம் வகுப்பில் மூன்று மாறிகள் வரும்போது புதிதாகச் சேரும் தவறு ஒன்றுதான். முதல் இரண்டு சமன்பாடுகளிலிருந்து ஒரு மாறியை நீக்குகிறார்கள்; அடுத்த இரண்டிலிருந்து வேறொரு மாறியை நீக்கிவிடுகிறார்கள். கையில் இருப்பவை இரண்டு சமன்பாடுகள், ஆனால் மாறிகள் இன்னும் மூன்று. எதை நீக்கப் போகிறோம் என்பதைப் பக்கத்தின் மேலே எழுதிவிட்டுத் தொடங்கினால் இது வராது.

சரிபார்க்கும்போது கிடைத்த விடையைக் கேள்வியில் உள்ள இரண்டு சமன்பாடுகளிலும் வையுங்கள். ப = 5, த = 3 என்பது ப + த = 8-க்குப் பொருந்தும், ப − த = 4-க்குப் பொருந்தாது; ஒன்றோடு நிறுத்துபவருக்கு இது தெரியாது. நடுவில் நீங்கள் எழுதிய வரியில் வைத்துப் பார்ப்பதும் பயனில்லை, அந்த வரியே தவறாக இருக்கலாம்.

பயிற்சிக்கு இரண்டு வழிகள் சொல்கிறேன். பாடநூலில் பல பயிற்சிகளில் கேள்வியே எந்த முறை என்பதைச் சொல்லிவிடுகிறது. தேர்வில் அந்த உதவி எப்போதும் கிடைக்காது. ஆகவே பல பயிற்சிகளிலிருந்து கணக்குகளைக் கலந்து எடுத்து, தீர்ப்பதற்கு முன் எந்த முறை சுலபம் என்று மட்டும் எழுதிப் பழகுங்கள். ஒரு மாறியின் கெழு, அதாவது அதைப் பெருக்கி நிற்கும் எண், 1 என்றால் பிரதியிடல், கெழுக்கள் சமமாகவோ எதிர்க்குறியோடோ இருந்தால் நீக்கல். இரண்டாவது, விடையை முதலில் வைத்துக்கொண்டு கணக்கை நீங்களே உருவாக்குவது. ப = 4, த = −1 என்று முடிவு செய்துவிட்டால் 2ப + 3த = 5, 5ப − 2த = 22 என்று எத்தனை சமன்பாடுகள் வேண்டுமானாலும் வரும். அதை நண்பரிடம் கொடுத்துத் தீர்க்கச் சொல்லலாம்.

அந்தக் கணக்கையே ஒருவர் இப்படிச் செய்திருக்கிறார் என்று வையுங்கள்:

4ப + 6த = 10
15ப − 6த = 66
19ப = 76
ப = 4
20 − 2த = 22
−2த = 2
த = 1

விடை உங்களுக்குத் தெரியும். முதல் வரியிலிருந்து ஒவ்வொன்றாக வைத்துப் பார்த்து, எந்த வரியில் தவறு நுழைந்தது, அங்கே அவர் கை என்ன செய்தது என்று நோட்டில் ஒரு வாக்கியமாக எழுதுங்கள்.