சிஎன்சி இயந்திரத்தில் சர்க்யூட் போர்டு செதுக்க மென்பொருள் தேர்ந்தெடுப்பது எப்படி?

சர்க்யூட் போர்டைச் செதுக்க மூன்று மென்பொருள்கள் வேண்டும். ஒன்றில் போர்டை வரைகிறோம். இன்னொன்று அந்த வரைபடத்தைக் கட்டர் செல்ல வேண்டிய பாதையாக, அதாவது ஜி-கோடாக மாற்றுகிறது. மூன்றாவது அதை இயந்திரத்துக்கு அனுப்புகிறது. புதியவர்கள் வரையும் மென்பொருளிலிருந்தே தேடத் தொடங்குகிறார்கள். அனுப்பும் மென்பொருளை முதலில் முடிவு செய்யுங்கள் என்பதே என் உறுதியான கருத்து.

படி 1: அனுப்பும் மென்பொருள்

3018 போன்ற சிறிய இயந்திரங்களில் பெரும்பாலும் ஜி-கோடைப் படித்து மோட்டார்களை இயக்கும் ஜிஆர்பிஎல் கன்ட்ரோலர் இருக்கும். அதற்குக் கேண்டில், பிசிஎன்சி என இலவச மென்பொருள்கள் உண்டு. இவை இரண்டிலும் ஹைட் மேப், அதாவது போர்டின் மேற்பரப்பிலுள்ள மேடுபள்ளத்தை அளந்து குறிக்கும் வசதி இருப்பதுதான் முக்கியம். போர்டின் மேலுள்ள செம்பு வழக்கமாக 35 மைக்ரான் தடிமன்தான். நாம் செதுக்கும் ஆழமோ சுமார் 0.1 மி.மீ. போர்டு 0.2 மி.மீ. வளைந்திருந்தாலே ஒரு மூலையில் கட்டர் செம்பைத் தொடாது, மறு மூலையில் மின்சாரம் செல்லும் மெல்லிய செம்புத் தடங்களை அரித்துவிடும். உயரம் அளக்க உதவும் ப்ரோப் ஒயர்களில் ஒன்றைச் செம்பிலும் மற்றொன்றைக் கட்டரிலும் மாட்டினால், கட்டர் பல இடங்களில் மெல்ல இறங்கித் தொட்டு உயரத்தைக் குறித்துக்கொள்ளும். மென்பொருள் அதற்கேற்ப ஜி-கோடைத் திருத்திவிடும்.

படி 2: வரையும் மென்பொருள்

கிகாட் போதும். தடங்களுக்கு இடையே 0.4 மி.மீ. இடைவெளி விட்டு வரைந்து, செம்பு அடுக்கையும் போர்டின் விளிம்பையும் ஜெர்பர் எனும் வடிவக் கோப்புகளாகவும், துளைகளை எக்செலான் எனும் துளைக் கோப்பாகவும் எடுத்துக்கொள்ளுங்கள்.

படி 3: பாதை உருவாக்கும் மென்பொருள்

கட்டளை வரியில் பழகியவர்களுக்கு பிசிபி2ஜிகோட் ஏற்றது. மற்றவர்கள் எல்லாவற்றையும் திரையில் பார்த்துச் செய்ய வசதியான ஃபிளாட்கேமை எடுப்பது நல்லது. அதில் கட்டரின் விட்டத்தைக் கேட்கும் இடத்தில் வி-பிட்டின் (V வடிவக் கூர்முனைக் கட்டர்) முனை அளவை அப்படியே கொடுக்கக் கூடாது. முனை 0.1 மி.மீ., கோணம் 30 டிகிரி என்றால், 0.1 மி.மீ. ஆழத்தில் வெட்டின் அகலம் ஏறத்தாழ 0.15 மி.மீ. ஆகிறது, 60 டிகிரி பிட்டில் அதுவே 0.22 மி.மீ.க்கு அருகில் போகும். அந்த அகலத்தைத்தான் கொடுக்க வேண்டும்.

கீழ் அடுக்கைச் செதுக்குவதானால் செம்பு, துளை, விளிம்பு மூன்றையும் ஒரே அச்சில் கண்ணாடி பிம்பமாகத் திருப்புங்கள். டூல் மாற்றச் சொல்லும் எம்6 கட்டளையை ஜிஆர்பிஎல் ஏற்காது; ஆகவே ஒவ்வொரு துளை அளவுக்கும் தனிக் கோப்பு உருவாக்குங்கள்.

எஃப்ஆர்4 எனும் வழக்கமான வகைப் போர்டின் தூளில் கண்ணாடி இழை கலந்திருப்பதால், இயந்திரத்தை ஓடவிடும் முன் மாஸ்க் அணிவது கட்டாயம்.