கட்சிச் சண்டையில பேச்சுவார்த்தை நின்னு போச்சா? சேர்த்து வைக்கக் கெளம்புறவங்க பண்ற தப்புகள்

அரசியல் பேசிப் பேசியே சொந்தபந்தம், பழைய கிளாஸ்மேட்ஸ் எல்லாம் முகம் குடுத்துப் பேசாம போறது இப்போ ரொம்ப சகஜமாயிடுச்சு. இதை சரி பண்றேன்னு எறங்குறவங்கதான் பாதி நேரம் இன்னும் கெடுத்து விடுறாங்க, அதனால எதையெல்லாம் பண்ணக்கூடாதுன்னு மொதல்ல பார்த்துடலாம். நமக்கு நல்லாத் தெரிஞ்ச தமிழ்நாட்டையே வச்சுப் பேசுவோம்.

எல்லாரும் பண்ற மொத தப்பு, "அவனுக்கு விஷயம் தெரியல, எடுத்துச் சொன்னா மாறிடுவான்"னு நெனைக்கிறது. உடனே லிங்க் அனுப்புறது, பழைய பேப்பர் கட்டிங் போடுறது, சட்டசபை வீடியோவை வெட்டி அனுப்புறது. ஆனா கட்சி விஷயத்துல உருண்டு புரண்டு சண்டை போடுறவங்கள்ல முக்காவாசி பேர் டெய்லி நியூஸ் பாக்குறவங்கதான், விவரம் தெரியாதவங்க இல்ல. 2019ல அமெரிக்காவுல மோர் இன் காமன்னு ஒரு அமைப்பு ஆய்வு பண்ணுச்சு, எதிர்க்கட்சிக்காரங்க எவ்வளவு தீவிரமா யோசிக்கிறாங்கன்னு ஜனங்களைக் கேட்டா நெஜத்தை விட ரொம்ப அதிகமா சொல்றாங்க, அதுலயும் நியூஸ் நெறைய பாக்குறவங்க கணிப்புதான் ரொம்பத் தப்பா இருந்துச்சு. விவரம் கூடினா கோவம் குறையும்ங்கிறது நம்ம ஆசை, அவ்வளவுதான்.

அடுத்தது, இது கொள்கைச் சண்டைன்னு நம்புறது. திமுக, அதிமுக ரெண்டையும் எடுத்துக்கோங்க. இருமொழிக் கொள்கையில ரெண்டும் ஒரே பக்கம், 69 சதவீத இடஒதுக்கீட்டுல ஒரே பக்கம், நீட் வேணாம்னு சொல்றதுலயும் ஒரே பக்கம். கொள்கையில இவ்வளவு கிட்ட இருக்குற ரெண்டு கட்சி இந்தியாவுல தேடினாலும் கெடைக்கிறது கஷ்டம். அப்புறம் எதுக்கு இவ்வளவு பகை? 1972ல எம்ஜிஆரை திமுகவுல இருந்து நீக்கினப்போ ஆரம்பிச்சது, 1989 மார்ச் 25 சட்டசபையில கருணாநிதி தரப்புக்கும் ஜெயலலிதா தரப்புக்கும் கைகலப்பா வெடிச்சது. அன்னைக்கு யார் மொதல்ல கை வச்சாங்கன்னு இன்னைக்கும் ரெண்டு கதை ஓடுது, நீங்க எந்த வீட்ல பொறந்தீங்கங்கிறத வச்சு உங்களுக்கு ஒரு கதைதான் தெரிஞ்சிருக்கும். மனசுல நிக்கிறது அவமானமும் வன்மமும்தான், கொள்கையெல்லாம் அப்புறம். அதனால கொள்கையை வச்சு வாதாடி இதைத் தீர்க்கவே முடியாது.

இந்த வன்மம் தலைவர்களோட நின்னுச்சான்னா அதுவும் இல்ல. திமுக 2010ல திறந்த புது தலைமைச் செயலகம் 2011ல அதிமுக ஆட்சி வந்ததும் ஆஸ்பத்திரி ஆக்கப்பட்டுச்சு, அண்ணா நூற்றாண்டு நூலகத்தை இடம் மாத்துறேன்னு சொன்னாங்க, ஹைகோர்ட் தடுத்து நிறுத்துச்சு. சமச்சீர் கல்வி புத்தகம் அச்சடிச்சு ரெடியா இருந்தும் 2011 ஜூன்ல ஸ்கூல் திறந்து, ஆகஸ்ட் 9 சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு வர்ற வரைக்கும் பசங்க புத்தகம் இல்லாம உக்காந்திருந்தாங்க, கைக்கு வந்தப்போ சில பக்கத்தை மறைக்க ஸ்டிக்கர் வேற. அதிமுக பக்கம் கேட்டா 2021ல திமுக வந்த அப்புறம் மூடின அம்மா மினி கிளினிக், அண்ணாமலை பல்கலைக்கழகத்தோட சேர்த்துட்ட விழுப்புரம் ஜெயலலிதா பல்கலைக்கழகம்னு அவங்களும் ஒரு லிஸ்ட் வச்சிருப்பாங்க. இதுல கவனிக்க வேண்டியது என்னன்னா, எதிராளியோட லிஸ்ட் எல்லாருக்கும் மனப்பாடமா தெரியும், தன் கட்சி லிஸ்ட்டைக் கேட்டா "அது வேற விஷயம்"னு ஆரம்பிப்பாங்க.

"எல்லாம் இந்த செல்போன் வந்த பின்னாடிதான்"னு பெருசுங்க சொல்றதைக் கேட்டு தலையாட்டுறதும் தப்புதான். திமுக பேப்பர் முரசொலி வர்ற டீக்கடைக்கு அதிமுக பேப்பர் நமது எம்ஜிஆர் படிக்கிறவர் போக மாட்டாருங்கிற காலம் வாட்ஸப்புக்கு ரொம்ப முன்னாடியே இருந்துச்சு. 1993ல சன் டிவி, 1999ல ஜெயா டிவி, 2007ல கலைஞர் டிவின்னு ஒவ்வொரு வீட்டு ஹாலுக்கும் ஒரு தனி நியூஸ் வந்தாச்சு. கட்சிகளோட சோஷியல் மீடியா டீமான ஐடி விங் பண்ணது என்னன்னா ஸ்பீடை ஏத்தி விட்டது, அப்புறம் டீக்கடையோட முடிஞ்ச சண்டையை படுக்கை வரைக்கும் கொண்டு வந்தது.

யாரும் அதிகம் பேசாத ஒரு காரணம், தொகுதியில அதிக ஓட்டு வாங்கினவர் மட்டும் ஜெயிக்கிற நம்ம தேர்தல் முறை. 1991ல திமுக கிட்டத்தட்ட 22 சதவீத ஓட்டு வாங்குச்சு, கெடைச்சது 234ல 2 சீட்டு. 1996ல அதிமுக 21 சதவீதத்துக்கு மேல வாங்கியும் 4 சீட்டுதான். அஞ்சு பேர்ல ஒருத்தர் ஓட்டு போட்ட கட்சி சபையில தேடினாலும் தென்படாது. தோத்தா மொத்தமா போச்சுங்கிற பயம் இருக்குறப்போ எந்தக் கட்சிக்காரன் நிதானமா பேசுவான்? இதை விட்டுட்டு ஜனங்களுக்கு சகிப்புத்தன்மை இல்லன்னு அட்வைஸ் பண்றது சுலபம்.

நல்ல எண்ணத்தோட பண்ற தப்பு ஒன்னு இருக்கு, "எதிர்க்கருத்து உள்ளவங்களையும் ஃபாலோ பண்ணுங்க"ங்கிற அறிவுரை. கேக்க நியாயமாத்தான் இருக்கும். அமெரிக்காவுல கிறிஸ் பெய்ல்ங்கிற பேராசிரியர் டீம் ட்விட்டர்ல இருக்குறவங்களுக்குக் காசு குடுத்து ஒரு மாசம் எதிர்த்தரப்பு பதிவுகளைப் பாக்க வச்சாங்க, 2018ல ரிசல்ட் வந்துச்சு. ரிபப்ளிகன்காரங்க முன்ன விட இன்னும் இறுகிட்டாங்க, டெமாக்ரட் பக்கம் பெருசா மாற்றமே இல்ல. ஏன்னா ஃபீட்ல நம்ம கண்ணுல படுறது எதிர்க்கட்சியில இருக்குற சாதாரண ஆளு இல்ல, அங்க இருக்குறதுலயே ரொம்பக் கத்துறவன்.

குரூப்ல "நோ பாலிடிக்ஸ்"னு ரூல் போடுறதும் பெருசா உதவாது, நிதானமா பேசுறவன் ரூலை மதிச்சு அமைதியாயிடுவான், மத்தவன் குட்மார்னிங் படத்துலயே கட்சிக்கொடியை சொருகிடுவான். உபி, அடிமை, சங்கி, தம்பி, அணில்னு எதிர்க்கட்சிக்காரனுக்குக் கேலிப் பேர் வச்ச அடுத்த நிமிஷம் பேச்சு முடிஞ்சுது, அதைப் பத்தி நீட்டி எழுத ஒன்னும் இல்ல. "ரெண்டும் ஒன்னுதான், எல்லாவனும் திருடன்"னு சொல்றவங்களை நடுநிலைன்னு எடுத்துக்காதீங்க, அவங்ககிட்ட ரெண்டு தரப்புமே பேச மாட்டாங்க.

சரி, எது வேலை செய்யுது? கட்சிக்கு வெளியில ஒரு பொது வேலை கையில இருக்கணும். நம்ம ஊர்லயே ஒரு ஏற்பாடு இருக்கு, நாமதான் கண்டுக்கிறதில்ல. ஊராட்சித் தலைவர், வார்டு உறுப்பினர் தேர்தல்ல கட்சி சின்னம் கெடையாது. யார் எந்தக் கட்சின்னு ஊருக்கே தெரியும்தான், ஆனா கிராம சபையில வந்து உக்காந்தா பேச்சு குடிதண்ணி மோட்டார், தெருவிளக்கு, நூறு நாள் வேலை சம்பளம்னுதான் போகும். நேத்து பூத்ல முறைச்சுக்கிட்ட ரெண்டு பேரு ஒரே பைப்லைனுக்காக சேர்ந்து பிடிஓ ஆபீஸ் வாசல்ல நிப்பாங்க. அங்க போய் நின்னா போதும், தனியா ஒற்றுமைக் கூட்டம் எதுவும் போட வேணாம்.

வீட்லயும் இதேதான். "உங்க தலைவர் மட்டும் யோக்கியமா"ன்னு ஆரம்பிக்காம, "பெரியப்பா, நீங்க மொதல்ல எப்போ இந்தக் கட்சிக்கு ஓட்டு போட்டீங்க, ஏன்"னு கேட்டுப் பாருங்க. சத்துணவுல சாப்பிட்டு வளர்ந்ததை சொல்லுவாரு, இல்லன்னா இலவச கரண்ட்ல மோட்டார் ஓடினதை சொல்லுவாரு. அந்த சத்துணவையே பாருங்க, 1956ல காமராஜர் மதிய உணவு, 1982ல எம்ஜிஆர் அதை விரிவுபடுத்தினது, 1989ல கருணாநிதி முட்டை, ஜெயலலிதா காலத்துல கலவை சாதம், 2022ல ஸ்டாலின் காலை உணவு. இவ்வளவு அடிச்சுக்கிட்டவங்க ஒரே தட்டுல ஒருத்தர் வச்சதை இன்னொருத்தர் எடுக்கல. 2021ல முகப்பேர்ல அம்மா உணவகத்தை அடிச்சு நொறுக்கின கட்சிக்காரங்க மேல திமுகவே நடவடிக்கை எடுத்துச்சு, அதே வருஷம் ஜெயலலிதா, எடப்பாடி படம் போட்ட ஸ்கூல் பையை வீணாக்காம அப்படியே குடுத்தாங்க. பெரியப்பாகிட்ட பேச இந்த மாதிரி விஷயம் நல்லா எடுபடும்.

இன்னொன்னு, எல்லாத்தையும் சமாதானம் பண்ணி வைக்கணும்னு நெனைக்காதீங்க. ஒருத்தர் சாதியைச் சொல்லி இன்னொருத்தரை ஊர்க் கோயிலுக்குள்ள விடலன்னா அது கருத்து வேறுபாடு இல்ல, அங்க போய் "ரெண்டு பேரும் விட்டுக்குடுங்க"ன்னா அடி வாங்கினவனையே விட்டுக்குடுக்கச் சொல்ற மாதிரிதான். அது கோர்ட்டு, கேஸுன்னு போக வேண்டிய விஷயம்.

அப்புறம் நேரம் பார்த்துக்கோங்க. வேட்புமனு தாக்கல்ல இருந்து ரிசல்ட் வர்ற நாள் வரைக்கும் மேல சொன்ன எதையும் ட்ரை பண்ணாதீங்க, அந்த நேரத்துல யாருக்கும் காது கேக்காது. ரிசல்ட் வந்து ஒரு ரெண்டு மாசம் கழிச்சு, தோத்தவங்க தேறினதும், நீங்களே போன் பண்ணுங்க, அதுவும் மெசேஜ் வேணாம், கால்.