ஆற்றுக் காவல் கதையா? முதலில் டோர்ச்சை அணையுங்கள்

1942 ஏப்ரல் 5, ஈஸ்டர் ஞாயிறு காலை ஜப்பானிய விமானங்கள் கொழும்பைத் தாக்கின. அதற்கு முந்திய இரவுகளில் களனி கங்கையில் வள்ளத்தில் காவல் போகும் அப்பாவும் மகனும் ஒற்றரைக் கண்டுபிடிக்கிறார்கள். இப்படியான கதைகளின் கரு நல்லதுதான், கெடுப்பது விவரங்கள். எழுத்துப்பிழையை அச்சுக்குக் கொடுப்பவர் பார்த்துக்கொள்வார், இங்கே அவற்றில் அடிக்கடி வரும் மற்றப் பிழைகள்.

டோர்ச்

எத்தனை தடவை சொன்னாலும் போகாத பிழை. “அப்பா டோர்ச் அடித்தார், புதருக்குள் இரண்டு உருவங்கள் தெரிந்தன.” அப்படி நடக்காது. கண் இருட்டுக்கு நன்றாகப் பழக 20, 30 நிமிடம் வேண்டும். ஒருமுறை வெள்ளை வெளிச்சம் பட்டால் அத்தனையும் வீண், மறுபடி முதலிலிருந்து. அதைவிட மோசம், டோர்ச் பிடித்தவர் கரையைப் பார்க்குமுன் கரையில் இருப்பவன் அவரைப் பார்த்துவிடுவான். போர்க்கால இருட்டடிப்பில் முதலில் பிடிபடுவது அப்பாதான்!

ஆகவே வேலையைக் காதுக்குக் கொடுங்கள். இரவில் நீரை ஒட்டிய காற்று மேலுள்ளதைவிடக் குளிர்ந்திருந்தால், மேலே போக வேண்டிய ஒலி வளைந்து நீர்மட்டத்துக்கே இறங்கும். எதிர்க்கரை இருமல் பக்கத்தில் கேட்பது அதனால்தான். நம் சத்தமும் அப்படியே அவனுக்குப் போகும். துடுப்பு விளிம்பில் உராயும் இடத்தில் பழைய சாரத்தைக் கிழித்துச் சுற்றச் சொல்லுங்கள். நாலு தரம் வலித்துவிட்டுத் துடுப்பைத் தூக்கி, ஓட்டத்தோடு போய்க் காது கொடுப்பது. பிறகு மறுபடி நாலு. மகன் ஏதாவது சொல்ல விரும்பினால் அப்பாவின் முழங்காலைத் தட்டட்டும். மங்கிய உருவத்தை நேரே பார்க்காமல் சற்று ஓரமாகப் பார்க்கவேண்டும். விழித்திரையின் நடுப்பகுதிக்கு இருட்டில் பார்வை குறைவு.

அமாவாசை

ஈஸ்டர் பூரணைக்குப் பின்வரும் ஞாயிறு. அந்த வாரத்தில் அமாவாசை வராது. 4ஆம் திகதி நிலா பிந்தித்தான் எழும். அதற்கு முந்திய இருட்டைப் பயன்படுத்துங்கள்.

வற்றுப்பெருக்கு

கொழும்பில் ஒரு மீற்றர்கூட இல்லை. தேம்ஸ் கதைகளில் வருவதுபோல வள்ளம் சேற்றில் குந்தாது.

கறுப்புக் கோட்டு

சித்திரை வெக்கையில் ஒற்றனுக்கு அது வேண்டாம்.

களவுபோன கடதாசி

ஒற்றனுக்கு இரகசியக் கடதாசி திருடுவது எதற்கு? துறைமுகத்தில் எத்தனை கப்பல், எது எப்போது வெளிக்கிட்டது, இது போதும். அதை வானொலிக் கருவியில் அனுப்புவதுதான் சிக்கல். 6 மெகாஹேர்ட்ஸில் கால் அலைநீள ஏரியல் என்றாலே 12.5 மீற்றர் கம்பி. இரண்டு தென்னைகளுக்கு இடையே கட்டினால், கள்ளுச் சீவுபவர்கள் மரத்துக்கு மரம் கட்டும் கயிறுகளோடு மறைந்துவிடும்.

ஆனால் அவர்கள் கட்டுவது இரண்டு: மிதிக்கக் கீழே ஒன்று, பிடிக்க மேலே ஒன்று, இரண்டும் தடித்த தும்புக்கயிறு. மகன் அண்ணாந்து பார்த்து, “அப்பா, அதில ஒண்டுதானே கட்டியிருக்கு, எப்பிடி நடக்கிறது?” என்று காதோடு காதாகக் கேட்கட்டும். ஒற்றன் வெளிப்படுவது இந்தக் கேள்வியில். துவக்குச் சண்டை எழுதத் தேவையே இல்லை.

பாய்ந்து பிடிப்பது

பாய்ந்தால் கம்பிக்காரன் சிக்குவான், அவனுக்குக் கப்பல் கணக்குக் கொண்டுவருபவன் தப்பிவிடுவான். அப்பா நேரத்தையும் அந்த இரு மரங்களையும் மனதில் குறித்துக்கொண்டு, துடுப்பு வலிக்கும் வேகத்தை மாற்றாமல், திரும்பிப் பார்க்காமல் கடந்து போகவேண்டும்.