நகை சேராது, கடை அட்வான்ஸ் சேரும்: நிதிச் சொத்துப் பட்டியல் எழுதும் முறை

அப்பா இறந்த மூன்றாம் மாதம், அவருடைய தகரப் பெட்டியைத் திறந்து வைத்துக்கொண்டு நானும் அம்மாவும் பட்டியல் எழுத உட்கார்ந்தோம். அம்மாவின் 18 சவரன் நகையை நிதிச் சொத்து என்ற தலைப்பின்கீழ் எழுதினேன். அப்பா தையல் கடைக்குக் கொடுத்திருந்த ஒன்றரை லட்சம் ரூபாய் அட்வான்ஸை எழுதவே இல்லை. அது என்றோ செலவாகிவிட்ட பணம் என்று இருவருமே நினைத்திருந்தோம். இரண்டுமே தவறு. முதன்முறை பட்டியல் போடுகிறவர்களுக்கு அந்தத் தவறு நேரக்கூடாது.

எழுதுவதற்கு நீளமான கணக்கு நோட்டு வாங்குங்கள். எக்செல் வசதியானதுதான்; ஆனால் கடவுச்சொல் தெரிந்தவர் போய்விட்டால் கோப்பு இருந்தும் பயனில்லை. எங்கள் வீட்டில் அப்படித்தான் ஆனது.

படி 1. பாஸ்புக், வைப்புநிதி ரசீது, காப்பீட்டுப் பத்திரம், டீமேட் அறிக்கை (பங்குகளை மின்னணு வடிவில் வைத்திருக்கும் கணக்கின் விவரம்), ஒப்பந்தங்கள் எல்லாவற்றையும் ஓரிடத்தில் சேருங்கள்.

படி 2. ஒவ்வொன்றையும் கையில் எடுத்து ஒரே கேள்வி கேளுங்கள்: ஒப்பந்தப்படி இதற்காக எனக்குப் பணம் தர வேண்டியவர் யார்? பதிலாக ஒரு பெயர் வந்தால் அது நிதிச் சொத்து. இந்தியக் கணக்கியல் தரநிலை 32 சொல்லும் இலக்கணத்தின் மையம் இதுதான். ரொக்கத்துக்கு இந்தக் கேள்வி தேவையில்லை, அது நேராகவே சேரும். பங்குகளும் சேரும், பணம் தருவதாக யாரும் வாக்குக் கொடுக்காவிட்டாலும் இன்னொரு நிறுவனத்தின் உரிமையில் அவை ஒரு பகுதி.

பெயரை நோட்டில் கட்டாயம் எழுதுங்கள். நிதிச் சொத்தின் பலம், பணம் தர வேண்டியவரின் பலம்தான். வங்கி வைப்புக்குக்கூட, ஒரு வங்கியில் ஒருவருக்கு அசலும் வட்டியும் சேர்த்து 5 லட்சம் ரூபாய் வரைதான் காப்பீடு உண்டு.

படி 3. வீடு, நிலம், வண்டி, நகை ஆகியவற்றைத் தனிப் பக்கத்துக்கு மாற்றுங்கள். நகைக்கு மதிப்பு உண்டு. விற்றால் கடைக்காரர் வாங்குவார். ஆனால் வாங்கியே தீர வேண்டிய கடமை அவருக்கு இல்லை. தங்கக் கட்டியும் இப்படித்தான். அரசின் தங்கப் பத்திரம் வேறு: கையில் ஒரு கிராம் தங்கம்கூட இருக்காது, ஆனால் 8 ஆண்டு முடிவில் அப்போதைய தங்க விலையைக் கணக்கிட்டுப் பணம் தர அரசு கட்டுப்பட்டிருக்கிறது. அதனால் அது நிதிச் சொத்து.

படி 4. நான் தடுக்கி விழுந்த இடம் இது, பொறுமையாகப் படியுங்கள். முன்கூட்டிக் கொடுத்த பணத்தில் இரண்டு வகை உண்டு. கடையின் சாவியை ஒப்படைக்கும்போது திரும்பி வரும் அட்வான்ஸ், உரிமையாளர் நமக்குத் தர வேண்டிய பணம். எனவே நிதிச் சொத்து. அதே கடைக்கு இரண்டு மாத வாடகையை முன்னதாகவே கட்டியிருந்தால், அதற்குப் பதிலாக வருவது பணம் அல்ல, இரண்டு மாதம் அந்த இடத்தைப் பயன்படுத்தும் உரிமை. அது நிதிச் சொத்து ஆகாது. இரண்டும் ஒரே நாளில், ஒரே கையில் கொடுத்த பணமாக இருக்கலாம். வித்தியாசம் திரும்பி வருவது என்ன என்பதில்தான். ஒத்திக்குக் கொடுத்த தொகையும் மின் இணைப்பு வைப்புத்தொகையும் சேரும். முன்னதாகக் கட்டிய பள்ளிக் கட்டணம் சேராது.

எங்கள் கடை அட்வான்ஸுக்கு இருந்த ஒரே சான்று, ஒப்பந்தத்தின் பின்பக்கத்தில் உரிமையாளர் போட்ட கையெழுத்து. தாள்களின் பின்பக்கத்தையும் புரட்டிப் பாருங்கள்.

படி 5க்குப் போகும் முன் சில கேள்விகள்: சீட்டு எதில் வரும் என்று பலர் கேட்டிருந்தார்கள். இன்னும் எடுக்காத சீட்டு நிதிச் சொத்து. எடுத்துவிட்டால் மீதித் தவணைகள் உங்கள் கடன். அவற்றைக் கடன் பக்கத்தில் எழுதுங்கள். 1982ஆம் ஆண்டுச் சீட்டு நிதிச் சட்டப்படி பதிவானதா என்பதையும் பக்கத்தில் குறியுங்கள். பதிவில்லாத சீட்டை நான் முழு மதிப்பில் எழுத மாட்டேன்.

பிட்காயின் பற்றியும் ஒருவர் கேட்டார். அதற்காகப் பணம் தர வேண்டியவர் எவரும் இல்லை. அது நிதிச் சொத்து அல்ல என்று சர்வதேசக் கணக்கியல் விளக்கக் குழு 2019இல் முடிவு சொல்லிவிட்டது. வருமான வரி ரீஃபண்ட், சட்டப்படி வருவதே தவிர ஒப்பந்தப்படி வருவதல்ல, இலக்கணப்படி சேராது. இருந்தாலும் தனிக் குறியிட்டு எழுதிவையுங்கள், வர வேண்டிய பணம் மறந்துபோகக்கூடாது.

படி 5. பத்தாண்டு இயங்காத வங்கிக் கணக்கின் பணம் ரிசர்வ் வங்கியின் நிதிக்குப் போய்விடும். கேட்டுப் பெறும் உரிமை மட்டும் போகாது. 2023இல் ரிசர்வ் வங்கி தொடங்கிய உத்கம் இணையதளத்தில் தேடுங்கள். இனிஷியலை முன்னால் போட்டு ஒருமுறை, பின்னால் போட்டு ஒருமுறை, அப்பா பெயரை முழுதாக விரித்து ஒருமுறை என மூன்று விதமாகவும் தேடிப் பாருங்கள்.