ஊன சதவீதத்தில் சிக்கிய இழப்பீட்டுக் கணக்கு

சாலை விபத்து இழப்பீட்டு வழக்கு ஒன்றில் மூன்று நாள் கணக்குப் போட்டும் தொகை ஒத்துவரவில்லை. அடிபட்டவர் லாரி ஓட்டுநர், வயது 38, மாத வருமானம் 15,000 ரூபாய். மருத்துவச் சான்றில் 45% ஊனம்.

முதலில் 15,000 × 12 × 15 × 45% = 12,15,000 என்று போட்டு (12 மாதம்; 15 என்பது வயதுக்கு ஏற்ற பெருக்கி), சொந்தச் செலவுக்கு மூன்றில் ஒரு பங்கைக் கழித்தேன். அது தப்பு. அந்தக் கழிவு இறப்பு வழக்குக்குத்தான். உயிரோடு இருப்பவருக்குக் கிடையாது. எதிர்த்தரப்போ முழு உடலுக்கு 15% என்று வைத்து 4,05,000-இல் நின்றது.

சான்றை மறுபடி படித்தபோதுதான் "வலது காலைப் பொறுத்து" என்ற சின்ன வரி கண்ணில் பட்டது. 45% காலுக்கு மட்டும். ஆனால் உச்ச நீதிமன்றம் 2010-இலேயே சொன்னபடி, பார்க்க வேண்டியது உறுப்பின் ஊனத்தை அல்ல, சம்பாதிக்கும் திறனில் விழுந்த இழப்பை. எனவே மருத்துவரை சாட்சிக் கூண்டில் ஏற்றி ஒரே கேள்வி: மடங்காத முழங்காலோடு கனரக வண்டியின் பிரேக்கை மிதிக்க முடியுமா? முடியாது என்றார். உட்கார்ந்து செய்யும் வேலை முடியும் என்பதால் இழப்பு 60% என முடிவானது.

வருங்கால வருமான உயர்வுக்காக 40% சேர்த்தால் மாதம் 21,000. அதை 12, 15, 60% ஆகியவற்றால் பெருக்க 22,68,000 ரூபாய். மருத்துவச் செலவு, வலி வேதனை எல்லாம் தனி.

வயதில் கவனம்: 40 முடிந்து 41 ஆகாதிருந்தால் பெருக்கி 15-தான், ஆனால் உயர்வு 25% ஆகிவிடும்.