ரங்கூன் சொந்தங்களுடன் போனில் பேசுவது எப்படி?

மியான்மரில் (பர்மா) உள்ள ரங்கூனின் நேரம் நமக்கு ஒரு மணி நேரம் முந்தியது. ஆனால் நீங்கள் பார்க்க வேண்டியது கடிகாரத்தை அல்ல, கரண்டை. அங்கே முறை வைத்துத்தான் கரண்ட் விடுகிறார்கள். அந்த நேரத்துக்குள் என் பெரியம்மா சோறு ஆக்கி, மோட்டார் போட்டுத் தண்ணீர் ஏற்றி, போனுக்கும் சார்ஜ் போட வேண்டும். எனவே முதலில் ஒரு செய்தி அனுப்புங்கள். பதில் வந்த பிறகு கூப்பிடுங்கள்.

2021 பிப்ரவரி 1 அன்று ராணுவம் ஆட்சியைப் பிடித்த சில நாட்களிலேயே ஃபேஸ்புக்கை முடக்கியது. வழியில் நிறுத்திப் போனை வாங்கிப் பார்ப்பதும் உண்டு. ராணுவ எதிர்ப்புச் சின்னமான மூன்று விரல் படம், ஆட்சியைப் பிடித்த தளபதி மின் ஆங் லைங்கைக் கேலி செய்யும் மீம் எதையும் அனுப்பாதீர்கள். இங்கே உட்கார்ந்துகொண்டு வீரம் காட்டுவது சுலபம். அங்கே அதற்கு 505(அ) பிரிவில் மூன்றாண்டு வரை சிறை.

"தம்பி எங்கே?" என்று கேட்கவே கூடாது. 2024 முதல் ஆண்களுக்கு 18 முதல் 35 வயது வரை கட்டாய ராணுவச் சேவை. "வேலையாகப் போயிருக்கிறான்" என்றால் எந்த ஊர் என்று துருவ வேண்டாம்.

எண்ணெய் விலையைக் கேளுங்கள். ஆட்சிக் கவிழ்ப்புக்கு முன் டாலருக்கு 1,300 சொச்சமாக இருந்த அந்நாட்டு நாணயமான கியாட், வெளிச்சந்தையில் பிறகு 4,000-ஐத் தாண்டியது. பெரியம்மா விலைவாசியைச் சொல்லி முடிப்பதற்குள் ஊர் நிலவரம் முழுதும் வந்துவிடும்.

அண்ணன் தம்பி விஷயத்தில்தான் கூடுதல் கவனம் வேண்டும். எங்கள் பெரிய அண்ணன் பள்ளி ஆசிரியர், ராணுவ ஆட்சிக்கு எதிரான சி.டி.எம். எனும் ஒத்துழையாமை இயக்கத்தில் சேர்ந்து வேலையை விட்டார். சின்ன அண்ணன் அரசு அலுவலகத்துக்குப் போய்க்கொண்டே இருந்தார். அவர் சம்பளத்தில்தான் பெரியம்மாவுக்கு மருந்து. ஒருவர் மாடியில், ஒருவர் கீழே, பேச்சுவார்த்தை கிடையாது. அந்தப் பிப்ரவரியில் ராணுவத்தை எதிர்த்து இரவு எட்டு மணிக்குத் தெருவே பாத்திரங்களைத் தட்டியபோது கீழ்வீட்டிலிருந்து ஒரு கரண்டிச் சத்தம்கூட வரவில்லை என்று மாடி அண்ணி இன்றும் சொல்வார்.

எனவே தீபாவளி என்றாலும் இருவரையும் ஒரே அழைப்பில் சேர்க்காதீர்கள். தனித்தனியாகக் கூப்பிடுங்கள். சமாதானத் தூதும் வேண்டாம். யார் செய்தது சரி என்ற தீர்ப்பும் வேண்டாம். "மாடியில் என்ன சொன்னார்கள்?" என்று சின்ன அண்ணன் கேட்பார். "சௌக்கியம் என்றார்கள்" என்று சொல்லிவிட்டுப் பிள்ளைகளின் படிப்பைப் பற்றி விசாரியுங்கள்.